தொடை எலும்பு முறிவும் அதற்குரிய குறியெண்ணும்

நிலத்துக்குப் புல எண் உண்டு என்பதை அறியாத விவசாயி எவரும் இலர். "ஏரிக்கரைக்கு மேற்கே, புளியமரத்துக்குத் தெற்கே உள்ள எங்கள் பாட்டன் நிலம்" என்று எவ்வளவு விளக்கிச் சொன்னாலும், பத்திரப் பதிவு அலுவலகத்தில் புல எண்ணும் உட்பிரிவு எண்ணும் கேட்கப்படும். அவ்வெண் பிழைபட்டால் பட்டா பிழைபடும். பட்டா பிழைபட்டால் கடனும் கிடையாது, இழப்பீடும் கிடையாது.

இதைப் போலவே மனிதனுக்கு வரும் நோய்க்கும், அவன் உடலில் ஏற்படும் காயத்துக்கும் எண் உண்டு. மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பும்போது கொடுக்கப்படும் விடுவிப்புச் சுருக்கத்தில், நோயின் பெயருக்கு அருகே "எஸ் 72.0" என்றோ "எஸ் 72.3" என்றோ எழுதப்பட்டிருப்பதைச் சிலர் கண்டிருக்கலாம். அது என்ன என்று கேட்டறிந்தவர் சிலரே. இவ்வெண்ணின் பொருளை ஊராட்சி உறுப்பினர்களும் விவசாயப் பெருமக்களும் அறிந்துகொள்ளுதல் பெரிதும் பயனுடையதாகும். கிராமங்களில் முதியோரைப் படுக்கையில் வீழ்த்துவதும், உழைக்கும் இளைஞரை மாதக்கணக்கில் முடக்குவதுமான இடுப்பு, தொடை எலும்பு முறிவுகளை எடுத்துக்காட்டாகக் கொண்டு இதனை ஈண்டு ஆராய்வோம்.

எண் பிறந்த வரலாறு

எதனால் எத்தனை பேர் இறக்கின்றனர் என்று கணக்கெடுக்கும் முயற்சி மிகப் பழையது. லண்டன் நகரில் வாரந்தோறும் வெளியிடப்பட்ட மரணப் பட்டியல்களை ஆராய்ந்து ஜான் கிராண்ட் என்பவர் 1662-ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டார். ஆனால் ஒரே நோயை ஓர் ஊரில் ஒரு பெயராலும் மற்றோர் ஊரில் வேறொரு பெயராலும் அழைத்தமையால், கணக்குகளை ஒப்பிட்டுப் பார்க்க இயலவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் பதிவுத் துறையில் பணியாற்றிய வில்லியம் ஃபார், எல்லா நாடுகளுக்கும் பொதுவான நோய்ப் பட்டியல் ஒன்று வேண்டும் என்று வற்புறுத்தினார். பின்னர் பிரெஞ்சு நாட்டுப் புள்ளியியல் அறிஞர் ழாக் பெர்த்தியோன் வகுத்த பட்டியல் 1893-ஆம் ஆண்டில் பல நாட்டாருக்குப் பொதுவானதாக ஏற்கப்பட்டது.

அப்பட்டியல் மரணத்தின் காரணங்களை மட்டுமே கூறியது. கால் முறிந்து, உயிர் பிழைத்து, நொண்டியாக வாழ்பவனுக்கு அதில் இடமில்லை. 1948-ஆம் ஆண்டில் உலக சுகாதார நிறுவனம் இப்பொறுப்பை ஏற்று ஆறாம் திருத்தத்தை வெளியிட்ட பின்னரே, உயிர் போக்காத நோய்களும் காயங்களும் முழுமையாகச் சேர்க்கப்பட்டன. பத்தாம் திருத்தம் 1990-இல் ஒப்புக்கொள்ளப்பட்டது. பதினோராம் திருத்தம் 2019-இல் ஏற்கப்பட்டு, 2022 ஜனவரி முதல் நாளிலிருந்து நடைமுறைக்கு வந்தது. எனினும் நம் மருத்துவமனைத் தாள்களில் பெரும்பாலும் காணப்படுவன பத்தாம் திருத்தத்தின் எண்களே. அவற்றை "ஐ.சி.டி. 10" என்று சுருக்கமாகக் குறிப்பர்.

இவ்வெண்களின் அமைப்பு எளிது. முதலில் ஓர் ஆங்கில எழுத்து, பின்னர் இரண்டு இலக்கங்கள், ஒரு புள்ளி, அதன்பின் உட்பிரிவைக் காட்டும் இலக்கம். "எஸ் 72" என்பது தொடை எலும்பு முறிவு என்னும் புல எண். புள்ளிக்குப் பின் வருவது அதன் உட்பிரிவு எண்.

தொடை எலும்பும் அதன் உட்பிரிவுகளும்

மனித உடலில் மிக நீளமானதும் மிக வலியதுமான எலும்பு தொடை எலும்பே. அதன் மேல் முனை பந்து போல் உருண்டிருக்கும். அதுவே எலும்பின் தலை. அப்பந்து இடுப்பு எலும்பில் உள்ள கிண்ணம் போன்ற குழியில் பொருந்திச் சுழல்வதாலேயே நாம் நடக்கவும், உட்காரவும், குனிந்து நாற்று நடவும் முடிகின்றது. தலைக்குக் கீழே ஒடுங்கிய கழுத்து. கழுத்துக்குக் கீழே இரண்டு புடைப்புகள். அவற்றின்கீழ் நீண்ட தண்டு. இறுதியில் முழங்காலைச் சேரும் அகன்ற கீழ் முனை. இவ்வொவ்வோர் இடத்துக்கும் தனித்தனி உட்பிரிவு எண் உண்டு.

எஸ் 72.0 – கழுத்தில் முறிவு.
எஸ் 72.1 – புடைப்புகளின் பகுதியில் முறிவு.
எஸ் 72.2 – புடைப்புகளுக்குச் சற்றுக் கீழே முறிவு.
எஸ் 72.3 – தண்டில் முறிவு.
எஸ் 72.4 – முழங்காலை ஒட்டிய கீழ் முனையில் முறிவு.
எஸ் 72.7 – தொடை எலும்பில் பல முறிவுகள்.
எஸ் 72.8 – தொடை எலும்பின் பிற பகுதிகளில் முறிவு.
எஸ் 72.9 – இன்ன பகுதி என்று குறிப்பிடப்படாத முறிவு.

இவற்றின் பின் மேலும் ஓர் இலக்கம் சேர்ப்பதும் உண்டு. 0 என்றால் தோல் கிழியாத மூடிய முறிவு. 1 என்றால் புண்ணோடு கூடிய திறந்த முறிவு. எஸ் 72.31 என்றால் தொடைத் தண்டில் திறந்த முறிவு என்பது பொருள். திறந்த முறிவில் மண்ணும் சாணமும் புண்ணுட்புகுந்து சீழ் பிடிக்கும் அபாயம் மிகுதி. ஆதலின் அதனை வேறுபடுத்திக் காட்டுதல் அவசியமாகின்றது.

இடத்தை இவ்வளவு நுட்பமாகப் பிரிப்பானேன் என்று ஐயம் எழலாம். காரணம் உண்டு. எலும்பின் தலைக்குச் செல்லும் இரத்தக் குழாய்களில் பெரும்பாலானவை கழுத்தை ஒட்டியே செல்கின்றன. கழுத்து முறிந்து விலகினால் அவையும் அறுபட்டு, நீர் நின்ற வயலில் பயிர் காய்வது போல, தலைப் பகுதி செத்துவிடக் கூடும். எனவே முதியோருக்குக் கழுத்து முறிவு நேர்ந்தால், பல வேளைகளில் உடைந்த தலையை அகற்றிச் செயற்கைத் தலை பொருத்துவர். புடைப்புப் பகுதியிலோ இரத்த ஓட்டம் நன்றாக உள்ளது. அங்கு முறிந்த எலும்பைத் திருகாணியும் உலோகத் தண்டும் கொண்டு இணைத்தால் கூடிவிடும். நடுத்தண்டு முறிவு பெரும்பாலும் இளைஞருக்கு, வாகன விபத்தில் நேர்வது. வெளியே ஒரு துளி இரத்தம் தெரியாமலே தொடைக்குள் ஒரு லிட்டருக்கு மேல் இரத்தம் கசிந்துவிடக் கூடும். ஆக, ஓர் அங்குல தூரம் மாறினால் சிகிச்சையும் மாறுகின்றது, அபாயமும் மாறுகின்றது.

"இடுப்பு எலும்பு" என்னும் சொல்லால் வரும் குழப்பம்

நம் பேச்சு வழக்கில் "இடுப்பு எலும்பு முறிந்துவிட்டது" என்று ஒரே வாக்கியத்தால் இரண்டு வெவ்வேறு முறிவுகளைக் குறிக்கின்றோம். தொடை எலும்பின் கழுத்து முறிந்தாலும் அவ்வாறே சொல்கின்றோம். இடுப்பு வளையத்து எலும்பு முறிந்தாலும் அவ்வாறே சொல்கின்றோம். ஆனால் இடுப்பு வளையத்தின் முறிவுகள் எஸ் 32 என்னும் வேறொரு புல எண்ணைச் சேர்ந்தவை. தொடை எலும்பின் தலை பொருந்தும் கிண்ணக் குழி முறிந்தால் எஸ் 32.4, முன்புறத்துப் பூப்பெலும்பு முறிந்தால் எஸ் 32.5.

மருத்துவர் "இடுப்பு மூட்டு முறிவு" என்று மட்டும் பொதுவாக எழுதிவிட்டால், பத்தாம் திருத்தத்தின் விதிப்படி அது எஸ் 72.0, அதாவது கழுத்து முறிவு, என்றே பதிவாகும். உண்மையில் முறிவு புடைப்பில் இருந்திருக்கலாம். அவ்வாறே, முறிவு திறந்ததா மூடியதா என்று எழுதாமல் விட்டால் மூடியது என்றே கொள்ளப்படும். எழுதாமல் விட்ட இடத்தில் எண் வெற்றிடமாக நிற்பதில்லை. வேறொன்று வந்து அமர்ந்துகொள்கின்றது என்பதை இதனால் அறியலாம்.

மற்றொன்றும் கவனிக்கத் தக்கது. உலக சுகாதார நிறுவனத்தின் இவ்வெண், முறிந்தது வலக்காலா இடக்காலா என்பதைக் கூறுவதில்லை. அமெரிக்க ஐக்கிய நாடுகளில் 2015 அக்டோபர் முதல் நாளிலிருந்து வழங்கும் விரிவான பட்டியலில் ஏழு இடங்கள் உண்டு. அதில் வலம், இடம் என்பதும், முதற் சிகிச்சையா தொடர் சிகிச்சையா என்பதும் எண்ணாலேயே தெரியும். நம் தாள்களில் அது சொற்களால் எழுதப்பட வேண்டும். "வலது தொடை எலும்புக் கழுத்து முறிவு, மூடியது" என்று நிறைவாக எழுதப்பட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குதல் நலம்.

எவ்வாறு முறிந்தது என்பதற்கும் எண் உண்டு

எஸ் 72 என்னும் எண் எது முறிந்தது என்று மட்டுமே கூறும். ஏன் முறிந்தது, எங்கே முறிந்தது என்பவற்றுக்கு இரண்டாவது எண் ஒன்று வேண்டும். ஊராட்சிக்கு முதல் எண்ணைவிட இந்த இரண்டாம் எண்ணே முக்கியமானது. முறிந்த எலும்பைக் கூட்டுவது மருத்துவர் கடமை. முறியச் செய்த காரணத்தைக் களைவது பெரும்பாலும் ஊராரின் கையில் உள்ளது.

வழுக்கியோ தடுக்கியோ சமதரையில் விழுதல் டபிள்யூ 01. படிக்கட்டில் விழுதல் டபிள்யூ 10. மரத்திலிருந்து விழுதல் டபிள்யூ 14. கிணற்றிலோ பள்ளத்திலோ விழுதல் டபிள்யூ 17. விவசாய இயந்திரத்தில் அகப்படுதல் டபிள்யூ 30. மாடு முதலிய விலங்கு முட்டியதால் ஏற்படும் காயம் டபிள்யூ 55. இருசக்கர வாகனத்தில் செல்வோருக்கு நேரும் விபத்துகள் வி 20 முதல் வி 29 வரை. அவற்றுள் வி 20 என்பது வாகனம் பாதசாரி மீதோ விலங்கின் மீதோ மோதியதால் ஓட்டுநருக்கு நேர்ந்த காயத்தைக் குறிக்கும்.

டபிள்யூ வரிசை எண்களின் பின் வரும் இலக்கம் இடத்தைக் காட்டும். 0 என்றால் வீடு. 4 என்றால் தெரு அல்லது நெடுஞ்சாலை. 7 என்றால் பண்ணை, அதாவது வயலும் தோப்பும். எனவே குளியலறையில் வழுக்கி விழுந்த மூதாட்டிக்கு டபிள்யூ 01.0, வரப்பில் வழுக்கி விழுந்த விவசாயிக்கு டபிள்யூ 01.7, தென்னையிலிருந்து தோப்பில் விழுந்த தொழிலாளிக்கு டபிள்யூ 14.7.

இவ்விரண்டாம் எண் சரியாக அமைவதற்கு மருத்துவமனையில் உள்ள எந்தக் கருவியும் உதவாது. எலும்பு எங்கே முறிந்தது என்பதை எக்ஸ்ரே படம் காட்டும். எவ்வாறு முறிந்தது என்பதைக் காட்டாது. அடிபட்டவரை அழைத்து வருவோர் வாயால் சொல்வதே அதற்கு ஆதாரம். "விழுந்துவிட்டார்" என்று மட்டும் சொன்னால் டபிள்யூ 19, அதாவது குறிப்பிடப்படாத விழுகை, என்று பதிவாகும். "கொல்லைப்புறக் குளியலறையில் பாசி வழுக்கி விழுந்தார்" என்று சொன்னால் உண்மையான எண் பதிவாகும். இரண்டுக்கும் இடையே உள்ளவை நான்கைந்து சொற்களே.

சிற்றடியால் பெரு முறிவு

இளைஞனின் தொடை எலும்பு முறிய வேண்டுமானால் பலத்த அடி வேண்டும். வயது முதிர்ந்தோருக்கோ, நின்ற நிலையிலிருந்து தரையில் சாய்ந்தாலே கழுத்து முறிந்துவிடும். மாதவிலக்கு நின்ற பின் பெண்களுக்கும், முதுமையில் ஆண்களுக்கும் எலும்பு உள்ளே இளைத்துப் போவதே இதற்குக் காரணம். அதனை எலும்பு மெலிவு நோய் என்பர். அந்நோயால் முறிந்தது என்று மருத்துவர் முடிவு செய்தால், எண் எஸ் வரிசையில் அமையாது. எம் 80 என்று அமையும்.

இவ்வேறுபாடு ஏட்டளவில் நின்றுவிடுவது அன்று. எஸ் 72 என்றால் எலும்பைக் கூட்டியவுடன் சிகிச்சை முடிந்ததாக எண்ணத் தோன்றும். எம் 80 என்றால் எலும்பு மெலிவுக்கும் மருந்து தேவை, இல்லையேல் மற்றக் காலும் முறியக் கூடும் என்னும் எச்சரிக்கை அதனுள் அடங்கியுள்ளது. எனவே முதியோர் சாதாரண விழுகையில் எலும்பு முறிந்து படுத்தால், "எலும்பு மெலிவு உள்ளதா?" என்று மருத்துவரை வினவுதல் குடும்பத்தார் கடமையாகும்.

காலதாமதமும் கட்டுப் போடுதலும்

கீழே விழுந்தவர் எழுந்து நிற்க இயலாமல், ஒரு கால் குறுகி, பாதம் வெளிப்புறம் திரும்பிக் கிடந்தால், தொடை எலும்பின் மேற்பகுதி முறிந்திருக்கலாம் என்று கொள்ள வேண்டும். எண்ணெய் தேய்த்து நீவுதலும், காலை இழுத்துப் பார்த்தலும், மூங்கிற் சிம்பு வைத்து இறுகக் கட்டுதலும் கூடா. அடிபட்ட காலை அசையாமல் மற்றக் காலோடு சேர்த்து, நடுவே துணி மடித்து வைத்து, மெல்லக் கட்டி, 108 அவசர ஊர்தியை அழைப்பதே முறை. அறுவைச் சிகிச்சை தேவைப்படலாம் ஆதலின், உண்ணவும் குடிக்கவும் கொடுக்கும் முன் மருத்துவ ஊழியரைக் கேட்டுக்கொள்ள வேண்டும். சிலர் முறிவுக்குப் பின்னும் வலியோடு நடப்பர். நடக்கிறாரே என்று நம்பி வாளா இருத்தல் ஆகாது.

முதியோரின் இடுப்பு மூட்டு முறிவில், உடல்நிலை இடம் கொடுத்தால், இரண்டு நாட்களுக்குள் அறுவைச் சிகிச்சை செய்து எழுப்பி நடத்துவதே நலம் என்பது இன்றைய மருத்துவ நெறி. படுக்கையிலேயே கிடந்தால் முதுகில் புண் விழும். நுரையீரலில் சளி கட்டிக் காய்ச்சல் வரும். காலில் இரத்தம் உறைந்து உயிருக்கு ஊறு செய்யும். பல நாட்டு ஆய்வுகளில், இம்முறிவுக்கு ஆளான முதியோருள் ஏறத்தாழ ஐந்தில் ஒருவரோ அதற்கு மேலோ ஓராண்டுக்குள் இறந்துவிடுவதாகக் கண்டுள்ளனர்.

மரணப் பதிவில் மறைந்து போகும் உண்மை

ஒரு மூதாட்டி ஈரத் தரையில் வழுக்கி விழுந்து தொடை எலும்புக் கழுத்து முறிந்ததாகக் கொள்வோம். மூன்று வாரம் படுக்கையில் கிடந்து, நுரையீரல் அழற்சி கண்டு இறந்தார். அவருடைய மரணத்தின் காரணம் யாது? "வயது மூப்பு" என்பர் உறவினர். "காய்ச்சல்" என்பர் அண்டை வீட்டார். "மூச்சு நின்றது" என்று எழுதுவோரும் உளர்.

உலக சுகாதார நிறுவனத்தின் விதி தெளிவானது. மரணத்தில் முடிந்த நிகழ்ச்சித் தொடரை எது தொடங்கி வைத்ததோ, அதுவே மூலகாரணம். காயத்தால் நேர்ந்த மரணமாயின், அக்காயத்தை உண்டாக்கிய சூழ்நிலையே மூலகாரணம். ஆகவே இங்கு மூலகாரணம் நுரையீரல் அழற்சி அன்று. எலும்பு முறிவுகூட அன்று. வீட்டில் வழுக்கி விழுந்ததே, அதாவது டபிள்யூ 01.0. முறிவின் எண்ணாகிய எஸ் 72.0 அதனோடு துணையாகக் குறிக்கப்படும்.

பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டம் 1969-ஆம் ஆண்டில் இயற்றப்பட்டது. 2023-ஆம் ஆண்டில் செய்யப்பட்டு அவ்வாண்டு அக்டோபர் முதல் நாள் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி, மரணத்தின் காரணம் பற்றிய சான்றைப் பதிவாளருக்கு அனுப்புவதோடு, அதன் படி ஒன்றை நெருங்கிய உறவினருக்கும் மருத்துவ நிறுவனங்கள் கொடுக்க வேண்டும். அப்படியைக் கேட்டு வாங்கிப் படித்துப் பார்க்க வேண்டும். வீட்டில் இறந்தவராயின், இறுதியாகச் சிகிச்சை செய்த மருத்துவரிடம் விழுந்த செய்தியை மறைக்காமல் கூற வேண்டும். இறப்பை 21 நாட்களுக்குள் பதிவு செய்தல் வேண்டும். நம் கிராமங்களில் கிராம நிர்வாக அலுவலரே பதிவாளர் ஆவார்.

"விழுந்து இறந்தார் என்றால் காவல் நிலையம், விசாரணை என்று அலைய நேரும், மூப்பு என்று எழுதிவிட்டால் தொல்லை இல்லை" என்று எண்ணுவோர் உண்டு. அவ்வெண்ணம் குடும்பத்துக்கே கேடாக முடியலாம். விபத்துக் காப்புறுதி செய்துகொண்டவர் இறந்தாலோ, உறுப்பு இழந்தாலோ, உரிய தொகை பெறுவதற்கு விபத்து நேர்ந்ததைக் காட்டும் ஆவணங்கள் வேண்டும். மூப்பு என்று எழுதிய தாளைக் கையில் வைத்துக்கொண்டு விபத்து என்று வாதிட முடியாது. அதேபோல், இல்லாத விபத்தை இருப்பதாகச் சொல்வதும் குற்றமாகும். நடந்ததை நடந்தவாறே சொல்வதே எல்லார்க்கும் காப்பு.

எண்ணியதால் விளைந்த நன்மை

எண்களைக் குறித்து வைப்பதால் எலும்பு கூடிவிடுமா என்று கேட்கலாம். இங்கிலாந்தின் அனுபவம் இதற்கு விடை கூறுகின்றது. அந்நாட்டில் 2007-ஆம் ஆண்டில் இடுப்பு மூட்டு முறிவுக்கெனத் தேசியப் பதிவேடு ஒன்று தொடங்கப்பட்டது. முறிவு எந்த வகை, எப்போது அறுவைச் சிகிச்சை செய்யப்பட்டது, முப்பது நாட்களுக்குப் பின் நோயாளியின் நிலை யாது என்பவற்றை மருத்துவமனைகள் பதிந்து, ஒன்றன் கணக்கை மற்றொன்றோடு ஒப்பிட்டன. எங்கே தாமதம் என்பது வெளிப்படையாயிற்று. 2010 முதல், குறித்த நெறிப்படி 36 மணி நேரத்துக்குள் சிகிச்சை செய்த மருத்துவமனைகளுக்குக் கூடுதல் தொகையும் வழங்கப்பட்டது.

விளைவு என்ன? சேர்க்கப்பட்ட நாளிலோ மறுநாளிலோ அறுவைச் சிகிச்சை பெற்றோர் 2007-இல் நூற்றுக்கு 54.5 ஆக இருந்தது, 2011-இல் 71.3 ஆக உயர்ந்தது. முப்பது நாட்களுக்குள் இறந்தோர் நூற்றுக்கு 10.9-லிருந்து 8.5 ஆகக் குறைந்தனர். புதிய மருந்து எதுவும் கண்டுபிடித்ததால் வந்த பயன் அன்று இது. சரியாக எண்ணி, எண்ணியதைப் பார்த்து, பார்த்ததைத் திருத்தியதால் வந்த பயனாகும்.

ஊராட்சி செய்யத் தக்கவை

எஸ் 72 என்னும் எண்ணை இடுவது ஊராட்சியின் வேலை அன்று. அது மருத்துவரும் பதிவுப் பணியாளரும் செய்வது. எனினும் அவ்வெண் உண்மையாக அமையவும், அதனால் ஊர் பயன் பெறவும் ஊராட்சி உதவலாம்.

முதலாவது, அடிபட்டவரோடு மருத்துவமனைக்குச் செல்வோர் நான்கு செய்திகளைச் சொல்லப் பழக்குதல். எங்கே விழுந்தார், எதனால் விழுந்தார், எந்த நேரம், அப்போது என்ன செய்துகொண்டிருந்தார் என்பவையே அந்நான்கும். கிராம சபைக் கூட்டத்திலும், மகளிர் சுய உதவிக் குழுக்களிலும் இதனை எடுத்துரைக்கலாம்.

இரண்டாவது, விடுவிப்புச் சுருக்கத்தையும் எக்ஸ்ரே படத்தையும் பட்டாவைப் போல் காத்து வைத்தல். முறிந்த எலும்பு கோணலாகக் கூடி, ஆண்டுகள் பல கழிந்த பின்னும் கால் குறுகி நிற்பவருக்கு, தொடை எலும்பு முறிவின் பின்விளைவு என்னும் பொருளில் டி 93.1 என்ற தனி எண் உண்டு. மாற்றுத்திறனாளி சான்று கோரும்போது பழைய தாள்கள் பெரிதும் துணை செய்யும். 2016-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, பல சலுகைகளுக்குக் குறைபாடு நூற்றுக்கு 40 அல்லது அதற்கு மேல் இருத்தல் வேண்டும்.

மூன்றாவது, ஊரில் ஆண்டுதோறும் நேர்ந்த முறிவுகளை, பெயர் குறிக்காமல், காரணமும் இடமும் மட்டும் ஒரு பக்கத்தில் எழுதி வைத்தல். ஒருவருடைய நோய் விவரம் அவருக்கே உரியது. அதனை ஊரறியச் செய்தல் தகாது. ஆனால் "பொதுக் குழாயடியில் மூவர் வழுக்கி விழுந்தனர், பள்ளிக்கூட வளைவில் இருவர் வாகனத்தில் சறுக்கினர், சுற்றுச்சுவர் இல்லாத கிணற்றில் ஒருவர் விழுந்தார்" என்று எழுதினால் எவர் பெயரும் வெளிவராது, எங்கே வேலை செய்ய வேண்டும் என்பது மட்டும் வெளிவரும்.

நான்காவது, அப்பக்கத்தைப் பார்த்துப் பணி செய்தல். குழாயடியில் சொரசொரப்பான தளம், கிணற்றுக்குச் சுற்றுச்சுவர், வளைவில் தெருவிளக்கு, முதியோர் வீடுகளின் குளியலறையில் கைப்பிடிக் கம்பி ஆகியவை பெருஞ்செலவு பிடிப்பன அல்ல. அறுவைச் சிகிச்சை முடிந்து வீடு திரும்பியோருக்கு, 2021-இல் தமிழ்நாட்டில் தொடங்கிய "மக்களைத் தேடி மருத்துவம்" திட்டத்தின்கீழ் இல்லத்திலேயே இயன்முறைப் பயிற்சி பெற வழி உண்டு. அச்செய்தியை உரியவருக்கு எட்டச் செய்வதும் உறுப்பினர் கடமையே.

புல எண் சரியாக இருந்தால் நிலம் உரியவனிடம் நிலைக்கும். நோய் எண் சரியாக இருந்தால் சிகிச்சையும், உதவித் தொகையும், தடுப்புப் பணியும் உரிய இடத்தைச் சென்று சேரும். அவ்வெண்ணின் முதற் பாதியை மருத்துவர் எக்ஸ்ரேயில் காண்கின்றார்; மறு பாதி நம் வாய்ச்சொல்லில் உள்ளது.

மன்றக் கூட்டத்தில் ஆராய வேண்டிய வினாக்கள்

1. "இடுப்பு எலும்பு முறிவு" என்று பொதுவாகச் சொல்வதால் என்ன பிழை நேரும்?

2. சமதரையில் விழுந்த முதியவருக்கு எஸ் 72-க்குப் பதிலாக எம் 80 என்று எழுதப்பட்டால், அவர் குடும்பத்தார் எதனைக் கவனிக்க வேண்டும்?

3. எலும்பு முறிந்து படுத்து, பின்னர் நுரையீரல் அழற்சியால் இறந்தவரின் மரணத்துக்கு மூலகாரணம் யாது? ஏன்?

4. சென்ற ஓராண்டில் நம் ஊரில் தொடையோ இடுப்போ முறிந்தவர் எத்தனை பேர்? அவற்றுள் எத்தனை முறிவுகளின் காரணத்தை ஊராட்சி நீக்கியிருக்க முடியும்?